பூட்டிய ஆட்டங்களும் பனியன் நகரமும்

தமிழ்நாட்டின் மற்ற ஊர்களைப் போலவே திருப்பூர் வட்டாரத்துக்கும் கன்சோல் ஆட்டங்கள் நகல்களின் வழியாகத்தான் வந்து சேர்ந்தன. 1990களில் ‘டிவி கேம்’ என்று கடைகளில் விற்ற பெட்டிகள், ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983 ஜூலையில் வெளியிட்ட ‘ஃபேமிலி கம்ப்யூட்டர்’ கன்சோலைப் பார்த்துத் தைவானிலும் பிறகு சீனாவிலும் செய்யப்பட்டவை. இந்தியச் சந்தையில் மீடியா, லிட்டில் மாஸ்டர் போன்ற பெயர்களில் அவை விற்றன. பெட்டியில் செருகும் அட்டையைப் பிள்ளைகள் கேசட் என்றார்கள். ஆயிரக்கணக்கான ஆட்டங்கள் இருப்பதாகக் கேசட்டின் மேலட்டை சொல்லும். உள்ளே சில பத்து ஆட்டங்களே பெயரும் தொடக்க நிலையும் மாறித் திரும்பத் திரும்ப வரும். சூப்பர் மாரியோவையும் கான்ட்ராவையும் ஒரு தலைமுறை முழுக்க ஆடித் தீர்த்தது இவற்றில்தான். பெட்டி வாங்க முடியாதவர்கள் மணிக்கணக்கில் காசு கொடுத்துக் கடையில் ஆடினார்கள்.

அசல் கன்சோல் கிடைக்காததும், கிடைத்தபோது எட்டாத விலையில் இருந்ததுமே இதற்குக் காரணம். 1995இல் ஜப்பானின் சேகா நிறுவனம், ஷா வாலஸ் நிறுவனத்தோடு சேர்ந்து தன் மெகா டிரைவ் கன்சோலை இந்தியாவில் விற்க முன்வந்தது. அப்போது இறக்குமதி வரி 80 சதவீதம் அளவில் இருந்தது. அந்தச் சுமையைத் தவிர்க்கவே உள்நாட்டுக் கூட்டு. அப்படியும் ஒரு பெட்டியின் விலை 18,000 ரூபாய். சனிக்கிழமைதோறும் வாரச் சம்பளம் வாங்கி, தீபாவளி போனஸை நம்பிப் பெரிய செலவுகளைத் திட்டமிடும் பனியன் கம்பெனித் தொழிலாளியின் வீட்டில் அந்தத் தொகைக்கு இடமே இல்லை. நகல் பெட்டிக்கு இருந்தது.

அந்த நகல்கள் பெருகியதற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. ஜப்பானில் விற்ற ஃபேமிலி கம்ப்யூட்டரில், செருகிய கேசட் அசலா என்று சோதிக்கும் பூட்டுச் சில்லு இல்லை. 1985இல் அமெரிக்காவுக்குப் போனபோதுதான் நிண்டெண்டோ அந்தப் பூட்டைச் சேர்த்தது. பூட்டில்லாத வடிவத்தையே தைவான் பட்டறைகள் எடுத்துக்கொண்டன. கன்சோலின் அடிப்படைக் காப்புரிமைகள் 2000களின் தொடக்கத்தில் காலாவதியானபின், அதுபோன்ற பெட்டியைச் செய்வதில் சட்டச் சிக்கல் பெரும்பாலும் தீர்ந்துவிட்டது. உள்ளே இருந்த ஆட்டங்களின் பதிப்புரிமை அப்படியே தொடர்கிறது. இயந்திரத்தைப் பின்பற்றிச் செய்வது ஒன்று, அதில் ஓடும் படைப்பை நகலெடுப்பது வேறு. கன்சோல் ஆட்டங்களைக் கணினியில் ஆடுவது பற்றிப் பின்னால் எழுந்த வழக்குகளில் பெரும்பாலானவை இந்த இரண்டுக்கும் நடுவே உள்ள கோடு எங்கே ஓடுகிறது என்பதைப் பற்றியவையே.

சோனியின் பிளேஸ்டேஷன் 1994 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்தபோது கேசட் போய் வட்டு வந்தது. வட்டை நகலெடுப்பது எளிது என்று தெரிந்த சோனி, சாதாரண சிடி ரைட்டரால் எழுத முடியாத ஓர் அடையாளக் குறியை அசல் வட்டின் உட்பகுதியில் வைத்தது. அந்தக் குறி இல்லாத வட்டைக் கன்சோல் ஏற்காது. இதற்கு மாற்றாக, குறி இருப்பதாகக் கன்சோலை நம்பவைக்கும் சிறு சில்லு ஒன்று சந்தைக்கு வந்தது. ‘சிப் போட்ட’ பிளேஸ்டேஷன் என்றால் நகல் வட்டுகள் ஓடும் என்று பொருள். சென்னை பர்மா பஜாரிலும் ரிச்சி தெருவிலும் இருந்து சிறு நகரங்களின் சிடி கடைகள் வரை அந்த வட்டுகள் பரவின. பிளேஸ்டேஷனில் டெக்கன் 3, பிளேஸ்டேஷன் 2இல் 2003ஆம் ஆண்டின் மல்யுத்த ஆட்டமான ‘ஸ்மாக்டவுன்: ஹியர் கம்ஸ் தி பெய்ன்’, 2005இன் ‘காட் ஆஃப் வார்’ ஆகியவை மிகவும் விரும்பப்பட்டன. இந்த மூன்றுமே அந்நாளில் கணினிக்கென்று வெளிவரவில்லை.

தமிழ்நாடு அரசு 2004இல் குண்டர் தடுப்புச் சட்டத்தைத் திருத்தி ‘வீடியோ பைரேட்’ என்ற பிரிவினரையும் அதில் சேர்த்தது. விசாரணையின்றி ஓராண்டு வரை காவலில் வைக்க வழிசெய்யும் கடுமையான சட்டம் அது. ஆனால் திருத்தத்தின் இலக்கு திரைப்படமும் அதன் ஒலித்தடமும் மட்டுமே. அதே கடைகளில் சினிமா வட்டுகளோடு கிடந்த கேம் வட்டுகள் அந்த வரையறைக்குள் வரவில்லை. அவற்றுக்கு மத்தியப் பதிப்புரிமைச் சட்டமே பொருந்தியது.

கன்சோலே இல்லாமல் கன்சோல் ஆட்டத்தை ஆடும் வழி 1990களின் பிற்பகுதியில் கணினிகளுக்கு வந்தது. ஒரு கன்சோலின் செயலியும் படச் சில்லும் ஒலிச் சில்லும் எப்படி நடந்துகொள்கின்றனவோ அப்படியே கணினியை நடக்கவைக்கும் மென்பொருள் எமுலேட்டர். 1997இல் வந்த நெஸ்டிக்கிள் பழைய நிண்டெண்டோ ஆட்டங்களைச் சாதாரணக் கணினியில் வேகம் குறையாமல் ஓடவைத்தது. 1999 ஜனவரியில் வந்த அல்ட்ரா எச்எல்இ, அப்போது கடைகளில் விற்றுக்கொண்டிருந்த நிண்டெண்டோ 64இன் ஆட்டங்களையே ஓடவைத்து அந்த நிறுவனத்தைத் திடுக்கிடச் செய்தது. பழைய பொருள் மீதான ஆர்வம் என்று அதுவரை ஒதுக்கப்பட்ட வேலை, நடப்புச் சந்தையைத் தொட்டுவிட்டது.

அதே ஆண்டு அமெரிக்காவில் இரண்டு நிறுவனங்கள் பிளேஸ்டேஷன் எமுலேட்டரைக் காசுக்கு விற்கத் தொடங்கின. கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் ‘வர்ச்சுவல் கேம் ஸ்டேஷன்’ மேக் கணினிகளுக்கானது, ‘பிளீம்’ விண்டோஸுக்கானது. சோனி இருவர் மீதும் வழக்குத் தொடுத்தது. கனெக்டிக்ஸின் பொறியாளர்கள், பிளேஸ்டேஷன் எழுந்து நிற்க உதவும் பயாஸ் என்ற அடிப்படை நிரலைப் பலமுறை நகலெடுத்து ஆராய்ந்துதான் தங்கள் மென்பொருளை எழுதினார்கள் என்பது உண்மை. ஆனால் கடைக்கு வந்த பொருளில் சோனியின் நிரல் ஒரு வரிகூட இல்லை. ஒன்பதாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000 பிப்ரவரியில், புதிய பொருளைப் படைக்கும் ஆராய்ச்சிக்காக இடையில் எடுத்த நகல் நியாயமான பயன்பாடே என்று தீர்ப்பளித்தது. அதே ஆண்டு பிளீம் வழக்கில், சோனி ஆட்டங்களின் திரைக்காட்சிப் படங்களை விளம்பரத்தில் ஒப்பிட்டுக் காட்டியதும் தவறில்லை என்றது. எமுலேட்டர் செய்வது தானாகவே குற்றமாகாது என்ற கருத்துக்கு இன்றுவரை ஆதாரமாக நிற்பவை இந்த இரு தீர்ப்புகள். வென்றவர்கள் நிலைக்கவில்லை என்பதும் வரலாறு. கனெக்டிக்ஸின் மென்பொருளைச் சோனி 2001இல் விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது. வழக்குச் செலவு தாளாமல் பிளீம் அதே ஆண்டு மூடப்பட்டது. சட்டம் சரி என்று சொன்ன ஒரு தொழில், பண பலத்தின் முன் இரண்டு ஆண்டுகூடத் தாங்கவில்லை. அதற்குப்பின் எமுலேட்டர்களைப் பெரும்பாலும் தன்னார்வலர்களே இலவசமாக எழுதினார்கள்: 2002இல் பிளேஸ்டேஷன் 2க்கான பிசிஎஸ்எக்ஸ்2, 2003இல் நிண்டெண்டோவின் கேம்கியூபுக்கான டால்பின், 2012இல் சோனியின் கையடக்கக் கன்சோலான பிஎஸ்பிக்கான பிபிஎஸ்எஸ்பிபி.

திருப்பூரின் பின்னலாடைத் தொழிலில் இருப்பவருக்குக் கனெக்டிக்ஸ் தீர்ப்பின் தர்க்கம் உடனே பிடிபடும். ஒரு நிறுவனத்தின் பின்னல் இயந்திரம் பின்னும் அதே துணியைப் பின்னும் இயந்திரத்தை இன்னொருவர் சொந்தமாக வடிவமைத்தால், காப்புரிமையை மீறாதவரை, குற்றமில்லை. ஆர்டர் தரும் பையர் கொடுத்த படத்தை அனுமதியின்றி வேறு டி-ஷர்ட்டில் அடித்து விற்றால் வழக்கு நிச்சயம். மாரியோ உருவத்தையோ பிக்காச்சுவையோ பிரிண்டிங் பட்டறையில் அடிக்க உரிமம் வேண்டும் என்பதையும், காதர்பேட்டைச் சந்தைக்கு வரும் சர்ப்ளஸ் சரக்கில் பையரின் லேபிளை ஏன் வெட்டுகிறார்கள் என்பதையும் இந்த ஊர் அனுபவத்தில் அறியும். எமுலேட்டர் இயந்திரத்தின் இடத்தில் நிற்கிறது. ஆட்டத்தின் கோப்பு, படத்தின் இடத்தில் நிற்கிறது.

இந்தியச் சட்டம் இதில் வந்த வழி தனியானது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் கணினி நிரல் 1984 திருத்தத்தின் மூலம் இலக்கியப் படைப்புகளோடு சேர்க்கப்பட்டது. 1994 திருத்தம், நிரலின் முறையான நகலை வைத்திருப்பவர் அது தொலைந்தாலோ கெட்டாலோ உதவக் காப்பு நகல் எடுத்துக்கொள்ள இடமளித்தது. 1999 திருத்தம் இன்னும் விரிந்தது. ஒரு மென்பொருளோடு சேர்ந்து இயங்கும் இன்னொன்றை எழுதத் தேவையான தகவலை, அது வேறு வழியில் எளிதாகக் கிடைக்காதபோது, நிரலிலிருந்து பெறலாம். நிரல் எப்படி இயங்குகிறது என்று கவனித்து, ஆராய்ந்து, சோதிக்கலாம். சட்டப்படி தானே பெற்ற நகலிலிருந்து, வணிகம் சாராத சொந்தப் பயனுக்காக, பிரதியோ தழுவலோ எடுக்கலாம். 52ஆம் பிரிவின் இந்த உட்பிரிவுகள் எமுலேட்டரை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை அல்ல. ஆயினும் சொந்தமாக வாங்கிய வட்டிலிருந்து கோப்பெடுத்துத் தன் கணினியில் ஆடுபவருக்கு, பல நாடுகளின் சட்டம் தராத பாதுகாப்பு இங்கே எழுத்தில் இருக்கிறது. ஆட்டம் என்பது நிரலோடு படமும் இசையும் சேர்ந்தது என்பதால், அந்தப் பாதுகாப்பு முழு ஆட்டத்தையும் தழுவுமா என்று வாதாட இடமுண்டு. அடுத்தவர் ஏற்றிவைத்த கோப்பைப் பதிவிறக்குபவருக்கு இந்தப் பிரிவுகள் துளியும் உதவா. ‘என்னிடம் அசல் வட்டு இருக்கிறது, அதனால் இணையத்தில் எடுக்கலாம்’ என்று பரவலாகச் சொல்லப்படும் சமாதானத்துக்குச் சட்டத்தில் ஆதாரமில்லை. பிரதி, தன் கையிலிருக்கும் நகலிலிருந்து எடுத்ததாக இருக்கவேண்டும். ‘24 மணி நேரத்துக்குள் அழித்துவிட்டால் தப்பில்லை’ என்பதும் அப்படிப்பட்ட கட்டுக்கதையே.

2012 திருத்தம் பூட்டை உடைப்பதைத் தனிக் குற்றமாக்கியது. 65ஏ பிரிவின்படி, உரிமையைக் காக்க வைத்த தொழில்நுட்பத் தடையை, அந்த உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைப்பவருக்கு 2 ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. அமெரிக்காவின் 1998ஆம் ஆண்டுச் சட்டம், சில விலக்குகளைத் தவிர, உடைப்பதையே தடைசெய்கிறது. அங்கே நோக்கம் இரண்டாம்பட்சம். இந்தியச் சட்டம் நோக்கத்தைக் கேட்கிறது. மேலும், சட்டம் தடைசெய்யாத காரியத்துக்காக ஒருவர் உடைக்கலாம் என்றும், அதற்கு உதவுபவர் உடைப்பவரின் பெயர், முகவரி, நோக்கம் முதலியவற்றைப் பதிவேட்டில் குறித்துவைக்க வேண்டும் என்றும் சொல்கிறது. சிப் போட்டுத் தரும் கடைக்காரர் எவரும் அப்படியொரு பதிவேடு வைத்து நடத்தியிருக்கமாட்டார். பிளேஸ்டேஷனின் பூட்டை மாற்றி நகல் ஆட்டங்களை ஓடவைத்துத் தருவோர் மீது சோனி தொடுத்த வழக்கில் தில்லி உயர்நீதிமன்றம் 2012இலேயே சோனிக்குச் சாதகமாக உத்தரவிட்டது. இந்தியாவில் நீதிமன்றம் ஏறியது கன்சோலை மாற்றித்தரும் வணிகம். வீட்டில் ஆடுபவர் அல்ல.

அந்தக் காலத்திலேயே தமிழ்நாட்டு வீடுகளில் கணினி பெருகியது. 2005 தொடக்கத்தில் பிஎஸ்என்எல் பிராட்பேண்ட் வந்தது. 2011 செப்டம்பரில் மாநில அரசு, அரசுப் பள்ளி, அரசு உதவிபெறும் பள்ளி மாணவர்களுக்கு விலையில்லா மடிக்கணினி கொடுக்கத் தொடங்கியது. தையல் மேசையிலும் செக்கிங்கிலும் வேலை பார்த்தவர்களின் பிள்ளைகளுக்கு அதுவே வீட்டின் முதல் கணினி. முதல் பிளேஸ்டேஷன், பிஎஸ்பி ஆட்டங்களின் எமுலேட்டருக்கு அதன் திறன் போதும். பிளேஸ்டேஷன் 2 ஆட்டங்கள் திணறும். நிண்டெண்டோவோ இந்தியாவில் நிலையாகக் கால் ஊன்றவே இல்லை. எச்சிஎல் நிறுவனம் 2008இல் நிண்டெண்டோவின் வீ கன்சோலை இங்கே கொண்டுவந்தது. 2017இல் உலகெங்கும் வெளியான நிண்டெண்டோவின் ஸ்விட்ச் கன்சோல், அதிகாரபூர்வமாக இந்தியாவில் அறிமுகமாகவில்லை. முறையாக வாங்கக் கடையே இல்லாத பொருளுக்கு நகல் தேடுவது நியாயமாகத் தோன்றும். ஆனால் சந்தையில் விற்காமல் இருப்பதும் உரிமையாளரின் உரிமைக்குள் அடங்கியதாகவே சட்டம் கொள்கிறது. இந்த இடத்தில் சட்டத்துக்கும் நடைமுறைக்கும் உள்ள இடைவெளி உண்மையானது. அதை உண்டாக்கியதில் நிறுவனங்களுக்குப் பெரும் பங்கு உண்டு.

2024 பிப்ரவரி 26 அன்று நிண்டெண்டோ, ஸ்விட்ச் எமுலேட்டரான யூசுவை எழுதிய டிராபிக் ஹேஸ் நிறுவனத்தின் மீது அமெரிக்காவில் வழக்குத் தொடுத்தது. முந்தைய தீர்ப்புகளைச் சுற்றிப் போகும் வாதம் அது. ஸ்விட்ச் ஆட்டங்கள் மறையாக்கம் செய்யப்பட்டவை. கன்சோலிலிருந்து எடுத்த சாவிகளைக் கொண்டு அவற்றைத் திறக்காமல் யூசு எதையும் ஓடவைக்காது. ஆகவே அது பூட்டை உடைக்கும் கருவி என்றது நிண்டெண்டோ. 2023 மே மாதம் வெளியான ஒரு ‘செல்டா’ ஆட்டம், வெளியீட்டுக்கு முன்பே பத்து லட்சம் முறைக்கு மேல் திருட்டுத்தனமாகப் பதிவிறக்கப்பட்டதையும் சுட்டியது. ஒரு வாரத்தில் 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு யூசு மூடப்பட்டது. அதே ஆண்டு அக்டோபரில் ரியுஜின்எக்ஸ் என்ற இன்னொரு ஸ்விட்ச் எமுலேட்டரும் நின்றது. யூசு வழக்கு சமரசத்தில் முடிந்ததால், பூட்டை உடைக்கும் வாதம் அங்கே தீர்ப்பாக மாறவில்லை. ஆனால் நடப்புக் கன்சோலைத் தொட்டால் என்ன நேரும் என்பது எல்லா எமுலேட்டர் எழுத்தாளர்களுக்கும் தெரிந்துவிட்டது. அதே 2024 ஏப்ரலில் ஆப்பிள் நிறுவனம் பழைய கன்சோல்களின் எமுலேட்டர்களைத் தன் செயலிக் கடையில் அனுமதித்தது. பழையதற்கு வாசல் திறந்தது, புதியதற்கு அடைபட்டது.

திருப்பூரில் இதே கேள்வி விளையாட்டைத் தாண்டித் தொழிலுக்குள்ளும் நுழைந்திருக்கிறது. கம்ப்யூட்டர் எம்பிராய்டரிக்கு டிசைன் ‘பஞ்சிங்’ செய்யும் மென்பொருளும், பேட்டர்ன் வெட்டு மென்பொருளும் விலை உயர்ந்தவை. அவற்றில் பல, யுஎஸ்பி முனையில் செருகும் டாங்கிள் என்ற சாவி இருந்தால்தான் திறக்கும்படி விற்கப்பட்டன. டாங்கிள் இருப்பதாக மென்பொருளை நம்பவைக்கும் போலி நிரல்கள் உலகச் சந்தையில் பின்தொடர்ந்து வந்தன. பிளேஸ்டேஷனில் போட்ட சிப் செய்த வேலையைத்தான் இவையும் செய்கின்றன. ஆனால் வீட்டுப் பயன்பாட்டுக்கும் தொழில் பயன்பாட்டுக்கும் தண்டனை ஒன்றல்ல. மீறல் நகல் என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்துபவருக்கு 63பி பிரிவு 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும் 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கிறது. லாபத்துக்காகவோ தொழிலுக்காகவோ பயன்படுத்தவில்லை என்றால், தக்க காரணத்தைத் தீர்ப்பில் எழுதி, சிறையைத் தவிர்த்து 50,000 ரூபாய்க்கு மிகாத அபராதத்தோடு நீதிமன்றம் விட்டுவிடலாம். வீட்டில் ஆடும் மாணவருக்கு இருக்கும் இந்தச் சலுகை, ஜாப் ஒர்க் எடுக்கும் எம்பிராய்டரி யூனிட்டுக்கு இல்லை. நகலை விற்பவருக்கு 63ஆம் பிரிவு. அது பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க, பிணையை உரிமையாகக் கோர முடியாத குற்றம் என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் நிட் ப்ரோ வழக்கில் சொன்னது.

ஏற்றுமதியாளருக்கு ஆபத்து கடல் கடந்தும் வரும். அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலம் 2011இல், திருட்டு மென்பொருளைப் பயன்படுத்திச் செய்த பொருளை அங்கே விற்பதை நியாயமற்ற போட்டியாக்கிச் சட்டம் இயற்றியது. 2013 ஜனவரியில் கலிஃபோர்னியாவின் தலைமை வழக்கறிஞர், அம்மாநிலத்தின் போட்டிச் சட்டத்தின்கீழ், இந்தியாவைச் சேர்ந்த ஓர் ஆடை நிறுவனத்தின் மீதும் சீனாவைச் சேர்ந்த ஒன்றின் மீதும் இதே குற்றச்சாட்டோடு வழக்குத் தொடுத்தார். ஆடையில் குறை எதுவும் இல்லாமலே, அதைச் செய்த அலுவலகக் கணினியின் காரணமாக ஒரு நிறுவனம் அயல்நாட்டு நீதிமன்றத்தில் பதில் சொல்ல நேர்ந்தது.

சட்டத்துக்கு வெளியே உள்ள ஆபத்துகளை ஆடுபவர்கள் அதிகம் குறைத்து மதிப்பிடுகிறார்கள். நன்கறியப்பட்ட எமுலேட்டர்களின் சொந்தத் தளத்திலிருந்து எடுத்த மென்பொருளில் கெடுதி அரிது. கெடுதி இருப்பது அவற்றின் பெயரில் உலவும் போலிகளிலும், ஆட்டக் கோப்பு என்ற பெயரில் வரும் நிறுவிகளிலும்தான். ஸ்விட்ச் வெளியான 2017இலேயே, ஸ்விட்ச் எமுலேட்டர் என்று எதுவும் உருவாகாத நிலையில், அந்தப் பெயரில் மோசடிகள் உலவின. யூசு மூடப்பட்டபின் அதன் நகல் என்று சொல்லிக்கொள்பவை எவருடையவை என்று சரிபார்ப்பது கடினம். டாங்கிளைப் போலி செய்யும் நிரல்கள் ஆன்டிவைரஸை நிறுத்திவைக்கச் சொல்வது வழக்கம். பையரின் ஆர்டர் தாள்கள், வங்கிக் கணக்கு, சம்பளப் பட்டியல் எல்லாம் ஒரே கணினியில் இருக்கும் சிறு யூனிட்டில், இரவு நேரத்தில் அதே கணினியில் ஆட்டம் ஏற்றுவது இழப்பை வீட்டுக்குள் அழைப்பதாகும். பயாஸ் கோப்பு இன்னொரு கண்ணி. பிசிஎஸ்எக்ஸ்2க்கு அது தேவை. தன் கன்சோலிலிருந்து எடுக்காமல் பதிவிறக்கினால் அதுவும் மீறல் நகலே. பிபிஎஸ்எஸ்பிபிக்கு அது தேவையே இல்லை. பிளேஸ்டேஷன் 3இன் எமுலேட்டருக்கு வேண்டிய மென்பொருளைச் சோனியே தன் தளத்தில் வைத்திருக்கிறது.

முறையான வழிகளும் பெருகியுள்ளன. சோனி 2020 முதல் தன் ஆட்டங்கள் பலவற்றைக் கணினிக்கும் வெளியிட்டுள்ளது. 2018இன் ‘காட் ஆஃப் வார்’ 2022 ஜனவரியில் கணினிக்கு வந்தது. பழைய ஆட்டங்களின் நிலை அப்படியில்லை. அமெரிக்காவில் வெளியான பழைய ஆட்டங்களில் 87 சதவீதம் முறையாக வாங்கக் கிடைக்கவில்லை என்று அங்குள்ள வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் கணக்கிட்டது.

இந்தியாவிலேயே உருவான கன்சோல் ஆட்டங்களுக்கும் இதே கதி. ஹைதராபாத்தில் எழுதப்பட்டு 2009இல் பிளேஸ்டேஷன் 2க்கு வந்த ‘ஹனுமான்: பாய் வாரியர்’, கபடியையும் கிட்டிப்புள்ளையும் பட்டத்தையும் ஆட்டமாக்கிய ‘தேசி அட்டா’ ஆகியவை கணினிக்கு வரவில்லை. அவற்றின் கன்சோல்கள் உற்பத்தியில் இல்லை. 1954ஆம் ஆண்டுச் சட்டப்படி சென்னை கன்னிமாரா நூலகத்துக்கு வெளியாகும் ஒவ்வொரு நூலிலும் ஒரு பிரதி போகவேண்டும். ஆட்டங்களுக்கு அப்படியொரு விதி இல்லை. அவற்றின் பதிப்புரிமையோ குறைந்தது 60 ஆண்டு நீளும். அதுவரை, உரிமையாளர்களே மறுபடி வெளியிட்டால் ஒழிய, அந்த ஆட்டங்களைக் காக்கச் சட்டம் திறந்துவைத்திருக்கும் வழி, 1994, 1999 திருத்தங்களின்படி வட்டு வைத்திருப்பவர் அதிலிருந்து தன் பயனுக்கு எடுத்துக்கொள்ளும் பிரதி மட்டுமே.